யுன் யோ-ஜங்: 73 வயதில் வந்த விருதும் அதற்கு முந்தைய ஐம்பது வருடமும்

அமெரிக்காவில் குடியேறிய கொரியக் குடும்பம் ஒன்றைப் பற்றிய ‘மினாரி’ படத்தில் பாட்டியாக வருகிறவர் நடிப்பது மாதிரியே தெரியவில்லையே, 73 வயதில் ஆஸ்கர் வாங்கும்வரை இவர் எங்கே இருந்தார், கொரிய சினிமா இவரை வீணாக்கிவிட்டதா என்று கேட்டிருக்கிறீர்கள். இதில் இரண்டு கேள்விகள் இருக்கின்றன. எங்கே இருந்தார் என்பதற்குத் தேதி, படம், தொடர் என்று நேராகப் பதில் சொல்லிவிடலாம். வீணாக்கிவிட்டார்களா என்பது அப்படியல்ல. அதற்கு என் பதில், இல்லை என்பதுதான். ஆனால் அந்த ‘இல்லை’யைச் சொல்ல, பலரும் தாண்டிப் போய்விடுகிற ஒரு காலத்தைப் பற்றிக் கொஞ்சம் பேச வேண்டியிருக்கிறது. யுன் யோ-ஜங் நடித்த தொலைக்காட்சித் தொடர்களின் காலம் அது.

முதலில் என்னைப் பற்றி இரண்டு வரி, எதை நம்பலாம் என்று உங்களுக்குத் தெரிய வேண்டுமல்லவா. கொரிய மொழி படித்தவன் நான். பதினைந்து வருடமாகச் சிறு திரையிடல்களுக்காகக் கொரியப் படங்களுக்குச் சப்டைட்டில் எழுதி வருகிறேன். அதனால் ஒரு நடிகரை முகத்தைவிடக் குரலில்தான் அதிகம் கவனிப்பேன். ஒரே வசனத்தை முப்பது நாற்பது தடவை திரும்ப ஓடவிட்டுக் கேட்கிற வேலை இது. நடிப்புப் பள்ளி எதிலும் படித்தவன் இல்லை. எழுபதுகளில் அவர் நடித்த தொடர்களை நான் பார்த்ததும் இல்லை. அவற்றைப் பற்றி இங்கே சொல்வது பதிவில் இருப்பதையும், அவரே பின்னாளில் பேட்டிகளில் சொன்னதையும் வைத்துத்தான். படங்களைப் பற்றிச் சொல்வது நானே பார்த்தது, கேட்டது.

1947 ஜூனில் கேசொங் நகரத்தில் பிறந்தவர். அந்த ஊர் இப்போது வடகொரியாவில் இருக்கிறது. தென்கொரியத் தலைநகர் சோலில் ஹன்யாங் பல்கலைக்கழகத்தில் கொரிய இலக்கியம் படிக்கச் சேர்ந்தார், முடிக்கவில்லை. நடிகையாக வேண்டும் என்ற கனவோடு வந்தவர் இல்லை. ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சியில் பார்வையாளர்களுக்குப் பரிசு எடுத்துக் கொடுக்கிற பகுதிநேர வேலை கிடைத்தது. அங்கே இருந்தவர்கள் தேர்வுக்கு வரச் சொன்னார்கள், போனார், 1966-இல் டிபிசி என்ற தொலைக்காட்சி நிறுவனத்தின் நடிகர் குழுவில் எடுத்துக்கொண்டார்கள். அந்தக் காலத்தில் கொரியத் தொலைக்காட்சி நிறுவனங்கள் ஆள் எடுக்கிற முறை அது: வருடா வருடம் தேர்வு வைத்து ஒரு அணியாக எடுப்பார்கள், இன்னார் மூன்றாம் அணி, இன்னார் நான்காம் அணி என்று கடைசிவரை அதே அடையாளம் இருக்கும்.

அவரைப் பெயர் சொல்ல வைத்த வருடம் 1971. ஒரே வருடத்தில் இரண்டு வேடங்கள். தொலைக்காட்சியில் ஜாங் ஹ்வி-பின். 17ஆம் நூற்றாண்டில் சுக்ஜொங் மன்னரின் அந்தப்புரத்திலிருந்து அரசியாக உயர்ந்து, பிறகு பட்டம் பறிக்கப்பட்டு, விஷம் கொடுத்துக் கொல்லப்பட்டவள் இவள். கொரியர்கள் எல்லோருக்கும் தெரிந்த வில்லி. யுன் அந்த வேடத்தைச் செய்த விதத்தில் மக்கள் அவரையே வெறுக்கத் தொடங்கிவிட்டார்கள். அப்போது ஒரு குளிர்பானத்துக்கு விளம்பர மாடலாக இருந்தார். சுவரில் ஒட்டியிருந்த அவருடைய படங்களில் கண்களைக் குத்தி ஓட்டை போட்டிருந்தார்கள் என்று அவரே பின்னாளில் நினைவுகூர்ந்திருக்கிறார்.

இன்னொன்று சினிமா. கிம் கி-யங் இயக்கிய ‘ஹ்வாந்யோ’, நம் மொழியில் ‘நெருப்புப் பெண்’ என்று வைத்துக்கொள்ளலாம். யுன்னின் முதல் படமே இதுதான். கிம் கி-யங் 1960-இல் எடுத்த ‘ஹாந்யோ’ (வேலைக்காரி) கொரிய சினிமாவின் உச்சிகளில் ஒன்று. அதே கதையை அவரே பத்து வருடம் கழித்து மாற்றி எடுத்தார். கிராமத்திலிருந்து நகரத்துக்கு வருகிற மியொங்-ஜா என்ற பெண், ஒரு இசையமைப்பாளர் வீட்டில் வேலைக்குச் சேர்கிறாள். அந்த வீட்டு அம்மா கோழிப்பண்ணை நடத்துகிறவள். சம்பளம் வேண்டாம், நல்ல இடத்தில் கல்யாணம் செய்து வைத்தால் போதும் என்பதுதான் மியொங்-ஜா கேட்கிற கூலி. அந்த வீட்டு ஆண் அவளைக் கெடுத்த பிறகு கதை வேறு திசையில் போகிறது. நான் சொல்ல வருவது கதையை அல்ல. இருபத்து நான்கு வயதுப் பெண், முதல் படம். பயமும் பிடிவாதமும் ஒரே முகத்தில் மாறி மாறி வருகின்றன. அந்தக் கால நாயகிகள் எல்லோருக்கும் ஒரு மென்மையான, கண்ணீர் ததும்பும் குரல் இருந்தது. இவர் குரலில் கரகரப்பு. கேட்டால் மணலைக் கையில் தேய்க்கிற மாதிரி இருக்கும். அந்தப் படத்துக்குக் கொரியாவின் புளூ டிராகன் திரைப்பட விருதில் சிறந்த நடிகை, ஸ்பெயினில் சிட்ஜஸ் திரைப்பட விழாவிலும் சிறந்த நடிகை. ஆக, வெளிநாட்டு விருது இவருக்கு 2021-இல் புதிதாக வந்ததல்ல. அதற்கு ஐம்பது வருடம் முன்பே ஒன்று வாங்கிவிட்டார்.

1972-இல் அதே இயக்குநரோடு ‘சுங்ந்யோ’, அதாவது ‘பூச்சிப் பெண்’. கணவனின் நேரத்தைக் கணக்குப் போட்டு மனைவியும் சின்னவீடும் பிரித்துக்கொள்கிற விசித்திரமான கதை. இந்த இரண்டு படங்களும் போதும், கிம் கி-யங் இவரைத் தன் நடிகையாகவே வரித்துக்கொண்டார் என்று சொல்ல. அவருடைய அருமை அன்று தனக்குப் புரியவில்லை, அறுபது வயதுக்குப் பிறகுதான் புரிந்தது என்று யுன் பல இடங்களில் வருத்தத்தோடு சொல்லியிருக்கிறார். 1998-இல் வீடு தீப்பிடித்துக் கிம் கி-யங்கும் அவர் மனைவியும் இறந்துபோனார்கள்.

எழுபதுகளின் நடுவில் பாடகர் ஜோ யொங்-நாமை மணந்துகொண்டு அமெரிக்கா போனார். ஃபுளோரிடாவில் குடித்தனம், இரண்டு மகன்கள். சுமார் பத்து வருடம் நடிப்பே இல்லை. கல்யாணம் ஆனால் நடிகை வீட்டோடு இருக்க வேண்டும் என்பது அன்றைய கொரியாவில் யாரும் கேள்வி கேட்காத வழக்கம். ஆகவே இதை ஒரு தனி மனிதரின் தவறாக மட்டும் எழுதுவது சரியில்லை என்று நினைக்கிறேன். 1984-இல் நாடு திரும்பினார், 1987-இல் விவாகரத்து.

இனிமேல் வருவதுதான் நான் நின்று பேச விரும்புகிற பகுதி. இணையத்தில் பல கட்டுரைகள் இந்த இடத்தில் ‘பிறகு சில தொடர்களில் நடித்தார்’ என்று ஒரு வரி போட்டுவிட்டு நேரே 2003-க்குத் தாவிவிடுகின்றன. ‘சில’ இல்லை. பதினைந்து வருடத்துக்கு மேல், எது கிடைத்ததோ அதில் நடித்தார். வயிற்றுப்பாட்டுக்கு. இரண்டு பிள்ளைகளை வளர்க்க வேண்டும், கையில் பணம் இல்லை, வேறு தொழில் தெரியாது. ஒரு காலத்தில் நாயகி, இப்போது யாரோ ஒருத்தியின் அம்மா, யாரோ ஒருத்தியின் பக்கத்து வீட்டுக்காரி. சிறு வேடங்களில் மனம் ஒடிந்து, அமெரிக்காவுக்கே திரும்பிப் போய்க் கடையில் மணிக்கு 2.75 டாலர் கூலிக்கு நின்றுவிடலாமா என்றுகூட யோசித்ததாகச் சொல்லியிருக்கிறார்.

விவாகரத்தான பெண்ணைக் கொரியச் சினிமா உலகம் ஒதுக்கிவைத்தது என்று ஒரு பேச்சு உண்டு. அதில் பாதி உண்மை. விவாகரத்தானவள், கரகரத்த குரல், இவளை ஏன் திரையில் காட்டுகிறீர்கள் என்று பார்வையாளர்கள் குறை சொன்னதை அவரே பேட்டிகளில் பகிர்ந்திருக்கிறார். அதனால் அந்த வெறுப்பு இருந்தது என்பதில் சந்தேகமில்லை. ஆனால் தொழிலில் எல்லோரும் கூடிக் கதவைச் சாத்தினார்கள் என்பது பொருந்தவில்லை. திரும்பி வந்த அடுத்த வருடமே, 1985-இல், பாக் சொல்-சூ இயக்கிய ‘ஓமி’ (தாய்) படத்தில் முதன்மை வேடம். மகளை இழந்த தாய் அவள், குற்றவாளிகளைத் தேடிப் போகிறாள். அதன் பிறகு தொடர்ந்து வேலை இருந்தது. கௌரவமான வேலையா, தகுதிக்கு ஏற்ற வேலையா என்று கேட்டால், அது வேறு விஷயம்.

இந்த நேரத்தில் அவருக்குக் கிடைத்த பெரிய துணை கிம் சூ-ஹ்யொன் என்ற தொலைக்காட்சி எழுத்தாளர். அதே பெயரில் இப்போது ஒரு இளம் நடிகர் இருக்கிறார், அவர் இல்லை. இவர் ஒரு பெண்மணி, கொரியத் தொடர் உலகத்தில் இவர் பெயருக்கே கூட்டம் கூடும். நடிப்பை விட்டுவிடாதே என்று யுன்னைத் தள்ளியவர்களில் ஒருவர். இவர் வசனங்களை மொழிபெயர்க்கப் போய் நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். மூச்சுவிட இடமில்லாமல் வாக்கியம் ஓடும். ஒரு அம்மா சமையலறையில் காய் நறுக்கிக்கொண்டே கணவனைக் குறை சொல்லி, நடுவில் மகளை அதட்டி, மாமியாருக்கு மரியாதையாகப் பதில் சொல்லி, மறுபடி கணவனிடம் வருவாள், எல்லாம் ஒரே மூச்சில். நடிகர்கள் ஒரு விகுதியைக்கூட மாற்றக்கூடாது என்பதில் கிம் கண்டிப்பானவர். ‘வந்தாயே’ என்று எழுதியிருந்தால் ‘வந்தே’ என்று சொல்ல முடியாது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

1987-இல் ‘காதலும் லட்சியமும்’, 1991-92-இல் ‘சாராங்கி ம்வொகில்லே’, அதாவது ‘காதல் என்றால் என்னவாம்’. பின்னது எம்பிசி தொலைக்காட்சியில் வாரக் கடைசியில் வந்தது. சராசரிப் பார்வையாளர் விகிதம் கிட்டத்தட்ட 60 சதவீதம். கொரியத் தொலைக்காட்சி வரலாற்றிலேயே மிக அதிகம் பார்க்கப்பட்ட தொடர்களில் ஒன்று. 1997-இல் சீனாவின் மத்தியத் தொலைக்காட்சி இதை ஒளிபரப்பியது. கொரியத் தொடர்கள் வெளிநாடுகளில் அலையாக எழுந்ததற்கு முதல் புள்ளிகளில் ஒன்றாக இதைச் சொல்வார்கள். கட்டுப்பெட்டியான ஒரு குடும்பமும் நவீனமான ஒரு குடும்பமும் சம்பந்தி ஆகின்றன. நவீனக் குடும்பத்தின் தாய் யுன், மற்ற வீட்டுத் தாய் கிம் ஹ்யே-ஜா. இருவரும் பள்ளித் தோழிகள், ஆனால் ஒருவர் மேல் ஒருவருக்குப் பழைய புகைச்சல். ஊரே பார்த்த தொடரில் ஒரு நடிகை வாரா வாரம் இரண்டு நாள் எல்லார் வீட்டுக் கூடத்திலும் வந்து பேசிவிட்டுப் போனால், அது வீணான காலம் என்று எனக்குத் தோன்றவில்லை. சினிமா விழாக்காரர்கள் கண்ணில் படாத காலம் என்று வேண்டுமானால் சொல்லலாம்.

இது என் கருத்து, பதிவில் இருக்கிற உண்மை அல்ல: நீங்கள் மினாரியில் பார்த்து வியந்த அந்த இயல்பு, இங்கே, இந்தத் தொடர்களில் பதினைந்து வருடம் புழங்கிப் புழங்கி வந்தது. அவ்வளவு வசனத்தை எழுத்து பிசகாமல் மனப்பாடம் செய்து, அதை இப்போதுதான் வாயில் வந்த மாதிரி சொல்லப் பழகிய நாக்கு அது. நடிகர் நன்றாக நடிப்பது பணமுடை இருக்கும்போதுதான் என்று யுன் ஒரு நிகழ்ச்சியில் சொன்னது கொரியாவில் பிரபலம். வேடிக்கையாக எடுத்துக்கொள்கிறார்கள். எனக்கு அதில் வேடிக்கை தெரியவில்லை. அடுத்த மாத வாடகைக்காக ஒரு காட்சியைச் சரியாகச் செய்தே தீரவேண்டும் என்று வாழ்ந்தவரின் பேச்சு அது.

2003-இல் இம் சாங்-சூ இயக்கிய ‘பாராம்நான் காஜொக்’ (தடம் மாறிய குடும்பம்) படத்தில் மாமியார் வேடம். கணவன் குடித்துக் குடித்து ஈரல் கெட்டுச் சாகக் கிடக்கிறான். இந்த அறுபது வயதுப் பெண் தனக்கு ஒரு காதலன் இருக்கிறான் என்று மகனிடம் நேருக்கு நேர் சொல்கிறாள். அவர் வயது நடிகைகள் தொடத் தயங்கிய வேடம். வீட்டைப் பழுது பார்க்கப் பணம் தேவைப்பட்டது, அதனால் ஒப்புக்கொண்டேன் என்பது யுன் சொன்ன காரணம். காரணம் எதுவோ, சினிமா அவரை மறுபடி உற்றுப் பார்க்க ஆரம்பித்தது இதிலிருந்துதான்.

அதே இம் சாங்-சூ 2010-இல் ‘ஹாந்யோ’வைத் தன் பாணியில் மறுபடி எடுத்தார். பிரான்சின் கான் திரைப்பட விழாவில் போட்டிப் பிரிவுக்குப் போன படம். இளம் வேலைக்காரி ஜோன் டோ-யோன். யுன்னுக்கு, பல வருடம் அந்தப் பணக்கார வீட்டில் ஊறிப்போன மூத்த வேலைக்காரி வேடம், பெயர் பியொங்-ஷிக். 1971-இல் அதே கதையில் இளம் வேலைக்காரியாக எரிந்தவர், நாற்பது வருடம் கழித்து அதே கதையின் சமையலறையில் மூத்தவளாக நிற்கிறார். எஜமானர்கள் முன்னால் நிமிராத தலை, மடித்த கை, ஒவ்வொரு வாக்கியத்தின் முடிவிலும் உயர்ந்த மரியாதை விகுதி. கதவு சாத்தியதும் ஒரு சொல் வாயிலிருந்து விழும்: ‘ஆதோமேச்சி’.

அகராதியில் தேடினால் கிடைக்காத சொல் அது. ‘ஆனிக்கொப்தா’ என்றால் கண்கொண்டு பார்க்கச் சகிக்கவில்லை, ‘தோரொப்தா’ என்றால் அசிங்கம், ‘மேசுக்கொப்தா’ என்றால் குமட்டுகிறது, ‘சிசாஹாதா’ என்றால் இழிவு. நாலு சொல்லின் முதல் எழுத்துகளைச் சேர்த்து அந்தக் கிழவி தனக்கென்று ஒரு வசவு வைத்திருக்கிறாள். வேலைக்காரர்களுக்கு முழு வாக்கியம் பேசக்கூட நேரமும் இடமும் இல்லை, அதனால் சுருக்கிவைத்திருக்கிறாள் என்று எனக்குத் தோன்றும். இதைத் தமிழில் கொண்டுவர நான் மூன்று நாள் மண்டையை உடைத்துக்கொண்டேன். ‘தூ’ என்று போட்டேன், எடுத்துவிட்டேன். ‘ச்சீ, பொழப்பா இது’ என்று போட்டேன்; அது யுன் சொல்கிற தொனிக்குக் கிட்டே வந்தது, ஆனால் நீளம். அவர் அதைக் கோபமாகச் சொல்லவில்லை. சலிப்பாக, பல் இடுக்கில் சிக்கியதைத் துப்புகிற மாதிரி சொல்கிறார். அந்த ஒரு சொல்லில் முப்பது வருட ஊழியம் இருக்கிறது. அந்த வருடம் புளூ டிராகன், கிராண்ட் பெல் என்ற இரண்டு கொரிய விருதுகளிலும் சிறந்த துணை நடிகை அவர்தான்.

அறுபது தாண்டியதும் ஒரு முடிவெடுத்ததாகச் சொல்வார்: இனி ஆடம்பரமாக வாழப்போகிறேன். அவர் சொன்ன ஆடம்பரம், பணத்தைப் பார்க்காமல், பிடித்த மனிதர்களோடு மட்டும் வேலை செய்வது. இந்த வரி எனக்கு மிகவும் பிடிக்கும். அதுவரை தேர்ந்தெடுக்க அவரால் முடிந்ததில்லை என்பது அதற்குள் அடங்கியிருக்கிறது. இயக்குநர் ஹொங் சாங்-சூவின் சிறு முதலீட்டுப் படங்களில் வந்தது அப்படித்தான். ஹொங் அன்றன்று காலையில்தான் அன்றைய காட்சியை எழுதிக் கொடுப்பவர். எழுத்து பிசகக்கூடாது என்கிற கிம் சூ-ஹ்யொனிடம் பழகியவருக்கு இது நேர் எதிர்ப்பக்கம். அதிலும் கால் ஊன்றினார். 2012-இல் கான் போட்டிப் பிரிவில் அவர் நடித்த இரண்டு படங்கள் ஒரே சமயத்தில் இருந்தன: பிரெஞ்சு நடிகை இசபெல் உப்பேரோடு நடித்த ஹொங்கின் படம் ஒன்று, இம் சாங்-சூவின் ‘பணத்தின் ருசி’ இன்னொன்று.

ஒரே ஒரு படம்தான் பார்ப்பேன் என்று நீங்கள் சொன்னால் நான் கையில் கொடுப்பது மினாரி இல்லை, 2016-இல் ஈ ஜே-யோங் எடுத்த ‘சுக்யொஜுனுன் யொஜா’. சோலின் ஜொங்னோ பகுதியில் பூங்காக்களைச் சுற்றி முதியவர்கள் நாள் முழுக்க உட்கார்ந்திருப்பார்கள். அவர்களிடம் போய் ‘பாக்கஸ்’ என்ற சத்து பானப் புட்டி ஒன்றை நீட்டி, ‘ஒரு புட்டி குடிக்கிறீர்களா’ என்று கேட்டு உடம்பை விற்கிற வயதான பெண்கள் உண்டு. அது கற்பனை அல்ல, கொரியப் பத்திரிகைகள் பல வருடமாக எழுதி வந்த விஷயம். அந்தப் பத்தாண்டில் கொரியாவில் 65 வயது தாண்டியவர்களில் கிட்டத்தட்டப் பாதிப்பேர் வறுமைக் கோட்டுக்குக் கீழே இருந்தார்கள். ஓஇசிடி என்ற, பெரும்பாலும் வளர்ந்த நாடுகளின் கூட்டமைப்பிலேயே அது மோசமான அளவு. யுன்னின் சோ-யொங் அப்படி ஒரு பெண். அமெரிக்கப் படைத்தளம் இருந்த ஊரில் இளமையைக் கழித்தவள், பெற்ற பிள்ளையைத் தத்துக் கொடுத்துவிட்டவள். அவளுடைய பழைய வாடிக்கையாளர்கள் ஒவ்வொருவராகப் படுக்கையில் விழுகிறார்கள், சாக உதவி செய் என்று கேட்கிறார்கள்.

இதன் தலைப்பு தமிழுக்குக் கிடைத்த வரம். ‘சுக்யொஜுதா’ என்றால் பேச்சுவழக்கில் ‘கொன்னுட்டா’ என்று நாம் ஒருவரைப் புகழ்கிற அதே பொருள். சொல்லைப் பிரித்தால் ‘கொன்று கொடுப்பது’. ‘செய்து கொடு’, ‘எழுதிக் கொடு’ என்று நாம் உதவியைக் குறிக்கச் சேர்க்கிற அதே ‘கொடு’ கொரியத்திலும் அதே இடத்தில் ஒட்டுகிறது. ஆக, படுக்கையில் கெட்டிக்காரி என்று ஆண்கள் சொல்கிற பேரும், கேட்டவர்களுக்குச் சாவைக் கொடுத்து உதவுகிறவள் என்ற பொருளும் ஒரே சொல்லில். இந்த வேடத்தை யுன் செய்வதில் கண்ணீர் மிகக் குறைவு. ஜீன்ஸ் ஜாக்கெட், தோளில் பை, நடையில் ஒரு தளர்ச்சி. ஆளைப் பார்த்து, கிட்டே போய், அந்தக் கேள்வியைக் கேட்கும்போது குரலைத் தணிக்கிறார், ஆனால் கெஞ்சவில்லை. மளிகைக் கடைக்காரர் ‘வேறென்ன வேணும்’ என்று கேட்கிற அளவுக்கு அது ஒரு தொழில் வாக்கியம். அவளைப் பார்த்து நாம் பரிதாபப்படக் கூடாது என்பதில் யுன் உறுதியாக இருந்தார் என்று எனக்குப் படுகிறது.

நடுவில் மற்றவை உண்டு, விரைவாகச் சொல்லிவிடுகிறேன். ‘கேசுன் பாட்டி’யில் ஜேஜு தீவில் கடலில் மூச்சடக்கி மூழ்குவதைத் தொழிலாகக் கொண்ட பெண்ணாக வந்தார். ‘சான்ஷில்’ என்ற பெண்ணைப் பற்றிய சிறு படத்தில், முதிய வயதில் எழுத்துக் கூட்டிப் படிக்கப் பழகுகிற வீட்டுக்கார அம்மா. பிழையோடு அவர் எழுதுகிற இரண்டு வரிக் கவிதை படத்தையே தூக்கி நிறுத்துகிறது. 2017-இல் ‘யுன் உணவகம்’ என்ற நிகழ்ச்சியில் இந்தோனேசியத் தீவு ஒன்றில் சிறு சாப்பாட்டுக் கடை நடத்தினார். அவருடைய பழைய வேலை எதுவும் தெரியாத இளைஞர்களுக்கு அவர் அறிமுகமானது அதன் மூலம்தான். 1971-இல் கண்ணைக் குத்திய ஊர், அரை நூற்றாண்டு கழித்து அவரைத் தன் வீட்டுப் பெரியவராக ஆக்கிக்கொண்டது.

சரி, மினாரி. இயக்குநர் லீ ஐசக் சங் தன் குழந்தைப் பருவத்தை ஒட்டி எழுதிய கதை. 2019 கோடையில் அமெரிக்காவின் ஓக்லஹோமா மாநிலத்தில், டல்சா நகரத்தை ஒட்டிய வெயிலில், 25 நாளில் எடுத்தார்கள். பணம் குறைவு. உங்கள் பாட்டியை அப்படியே காப்பியடிக்க வேண்டுமா என்று யுன் இயக்குநரைக் கேட்டிருக்கிறார்; வேண்டாம், உங்கள் விருப்பப்படி செய்யுங்கள் என்று அவர் சொன்னதும் அவர்மேல் மரியாதை வந்தது என்கிறார். பேரன் டேவிட் ‘நீ நிஜப் பாட்டியே இல்லை’ என்கிறான், ஏனென்றால் இந்தப் பாட்டி பிஸ்கட் சுட்டுத் தருவதில்லை, கெட்ட வார்த்தை பேசுகிறாள், ஹ்வாதூ சீட்டு ஆடக் கற்றுக்கொடுக்கிறாள். பாட்டி கொரியாவிலிருந்து மிளகாய்ப் பொடியும் நெத்திலிக் கருவாடும் கட்டிக்கொண்டு வந்ததைப் பார்த்து மகள் அழுகிற காட்சியைக் கவனியுங்கள். மகளின் அழுகை யுன்னுக்குப் புரிகிறது, ஆனால் அதைத் தேற்ற உட்காரவில்லை. அட, நெத்திலிக்கா அழுகிறாய் என்கிற தொனியில் தாண்டிவிடுகிறார். ஆறுதலை அதட்டலாகக் கொடுக்கிற அந்தப் பழக்கம் தொடர் காலத்துத் தாய்களிடமிருந்து வந்தது என்று அடித்துச் சொல்வேன்.

பாதிப் படத்துக்குப் பிறகு பாட்டிக்குப் பக்கவாதம் வருகிறது. இந்த இடத்தைப் பற்றி யாரும் போதுமான அளவு பேசவில்லை என்பது என் வருத்தம். ஐம்பது வருடம் நாக்கை நம்பி வாழ்ந்த நடிகையிடமிருந்து படம் நாக்கைப் பிடுங்கிக்கொள்கிறது. சொற்கள் குழறுகின்றன, அப்புறம் அனேகமாகப் பேச்சே இல்லை. மீதியிருப்பது கை, கழுத்து, நடை. தான் கொளுத்திய குப்பையிலிருந்து களஞ்சியம் பற்றி எரிந்துவிட, வீட்டுக்கு எதிர்த்திசையில் அவர் நடந்து போகிறார். ஓடக்கூடாத இதயம் கொண்ட பேரன் ஓடி வந்து வழி மறிக்கிறான். அந்த நிமிடம் அவர் முகத்தில் எதுவும் செய்யவில்லை. வாய் லேசாகத் திறந்தபடி நிற்கிறார், அவ்வளவுதான். ஒலியை மூடிவிட்டுப் பார்த்தேன், அப்படியும் நெஞ்சை அடைத்தது.

2021 ஏப்ரல் 25 அன்று லாஸ் ஏஞ்சலஸ் யூனியன் ஸ்டேஷனில் நடந்த ஆஸ்கர் விழாவில் சிறந்த துணை நடிகை விருது. அதற்கு முன்பே அதே வேடத்துக்காகப் பிரிட்டனின் பாஃப்டாவும், அமெரிக்க நடிகர் சங்க விருதும் வாங்கியிருந்தார். இங்கே ஒரு பிழையைத் திருத்திவிடுகிறேன். நடிப்புக்கு ஆஸ்கர் வாங்கிய முதல் ஆசியப் பெண் என்று பலர் எழுதுகிறார்கள். இல்லை, 1957-இல் வெளியான ‘சயொனாரா’ படத்துக்காக ஜப்பானைச் சேர்ந்த மியோஷி உமெகி அதே பிரிவில் வாங்கியிருக்கிறார். யுன் இரண்டாவது. நடிப்புக்காக வாங்கிய முதல் கொரியர் என்பது சரி. முந்தின வருடம் கொரியப் படமான ‘பாரசைட்’ சிறந்த படமாகத் தேர்வானபோதுகூட அதன் நடிகர்கள் யாரும் பரிந்துரைக்கப்படவில்லை. ‘பாரசைட்’ வெற்றிதான் இவருக்கு வழி திறந்தது என்கிறார்களே என்றால், இருக்கலாம், ஆனால் அதை நிறுவ முடியாது. மேடையில் அவர் நன்றி சொன்ன இருவகைப் பேரைத்தான் நான் முக்கியமாக நினைக்கிறேன்: தன்னை வேலைக்குப் போக வைத்த இரண்டு மகன்கள், தன் முதல் இயக்குநர் கிம் கி-யங்.

அதன் பிறகும் நிற்கவில்லை. 2022-இல் ‘பச்சின்கோ’ தொடரில், ஜப்பானில் வாழ்நாளைக் கழித்த கொரியப் பெண் சுன்ஜாவின் முதுமைப் பருவம். டோக்கியோவில் இன்னொரு கொரியக் கிழவி வீட்டில் சோறு பரிமாறுகிறார்கள். ஒரு வாய் வைத்ததும் அவர் நிறுத்துகிறார். மறுபடி மெல்கிறார். அது தன் ஊர் அரிசி என்று நாக்குக்குத் தெரிந்துவிடுகிறது. பக்கத்தில் பேரனுக்கு ஒன்றும் புரியவில்லை. சொல்லவே வேண்டாம், அரிசிச் சோறு தின்று வளர்ந்த யாருக்கும் அந்தக் காட்சிக்குச் சப்டைட்டில் தேவையில்லை.

நீங்கள் பார்க்க நினைத்தால், வருட வரிசையில் போகாதீர்கள். 1971-இன் ‘ஹ்வாந்யோ’வையும் 2010-இன் ‘ஹாந்யோ’வையும் ஒரே வாரத்தில் அடுத்தடுத்துப் பாருங்கள், அப்புறம் மினாரியை மறுபடி பாருங்கள். முதல் படம் ஆஸ்கருக்குப் பிறகு, 2021 மே மாதம், கொரியத் திரையரங்குகளில் திரும்பவும் வெளியானது. கிம் கி-யங்கின் 1960 மூலப்படம் கொரியத் திரைப்பட ஆவணக்காப்பகத்தின் யூடியூப் பக்கத்தில் இலவசமாகவே இருக்கிறது. அதில் யுன் இல்லை, ஆனால் அந்த வீட்டு மாடிப்படியைத் தெரிந்துகொண்டு மற்ற இரண்டுக்கும் போனால், அதே மாதிரிப் படிகளில் 24 வயதிலும் 63 வயதிலும் ஏறி இறங்குகிற ஒரே பெண்ணை நீங்களே அடையாளம் கண்டுகொள்வீர்கள்.